ஸ்டாக் வந்தது, அறிவிப்பு வரவில்லை

2022-இல் ஒரு ராஸ்பெர்ரி பை ஜீரோ 2 டபிள்யூ வாங்க நான் பட்ட பாடு இது. 2021 அக்டோபரில் வெளியான சின்னக் கணினி போர்டு. சிப் தட்டுப்பாட்டுக் காலம் என்பதால் எந்தக் கடையின் பக்கத்தைத் திறந்தாலும் ‘இருப்பில் இல்லை’ என்றே இருக்கும். எத்தனை நாள்தான் ரெஃப்ரெஷ் பட்டனை அழுத்திக்கொண்டிருப்பது? கட்டளைகளைத் தட்டச்சு செய்யும் டெர்மினலில் ஓடும் ஒரு சின்னக் கருவியைப் போட்டேன். பக்கத்தின் முகவரியைக் கொடுத்தால் அவ்வப்போது போய்ப் பார்த்து, சரக்கு வந்ததும் திரையின் மூலையில் அறிவிப்பு காட்டும்.

கையால் ஓட்டிப் பார்த்தபோது கச்சிதமாக வேலை செய்தது. அதை நம்பி, 5 நிமிடத்துக்கு ஒருமுறை ஓடும்படி, லினக்ஸில் நிரல்களைக் குறித்த நேரத்தில் ஓட்டும் கிரானில் போட்டுவிட்டு வேறு வேலைக்குப் போய்விட்டேன். பத்து நாள் கழித்துக் கருவி எழுதி வைத்த பதிவை, அதாவது லாக்கைத் திறந்தால், அதற்குள் இரண்டு முறை சரக்கு வந்து தீர்ந்திருக்கிறது! என் திரையில் ஒன்றுமே வரவில்லை.

காரணம் புரிய ஒரு மாலைப்பொழுது போனது. அறிவிப்பைக் காட்டும் நோட்டிஃபை-செண்ட் கட்டளை, நிரல்கள் தமக்குள் செய்தி பரிமாறும் டி-பஸ் வழியாகத்தான் டெஸ்க்டாப்புக்குச் செய்தி அனுப்பும். கிரான் ஓட்டும் நிரலுக்கு அந்த டி-பஸ் முகவரி தெரியாது. டெர்மினலில் கையால் ஓட்டும்போது அது தானாகவே கிடைத்துவிடுவதால் சோதனையில் குறை தென்படவில்லை. கிரானை விட்டுவிட்டு, லினக்ஸின் சேவைகளை நிர்வகிக்கும் சிஸ்டம்டி-யில், என் பயனர் கணக்கின் கீழ் ஓடும் டைமராக மாற்றியதும் சரியானது.

அப்புறம் பேராசை. 5 நிமிடம் எதற்கு, 10 நொடி என்று வைத்தேன். அன்றிரவே கணினி அலறியது. தூக்கக் கலக்கத்தில் ஓடிப்போய்ப் பார்த்தால் சரக்கும் இல்லை, ஒன்றும் இல்லை. என் தொல்லை தாங்காமல் கடையின் சர்வர், ‘அளவுக்கு மீறிக் கேட்கிறாய்’ என்று பொருள்படும் 429 பிழையைத் திருப்பியிருந்தது. கருவி தேடியதோ ‘இருப்பில் இல்லை’ என்ற சொல்லை. பிழைப் பக்கத்தில் அந்தச் சொல் எப்படி இருக்கும்? ஆகவே சரக்கு வந்துவிட்டதாம்! பதில் ‘எல்லாம் சரி’ என்னும் 200 தானா என்று முதலில் பார்க்கச் சொல்லி, பக்கத்துக்குள் நிரல்கள் படிப்பதற்காக ஜேசான் வடிவில் இருக்கும் தகவலில் ‘இன்ஸ்டாக்’ என்று இருந்தால் மட்டும் கூப்பிடு என்று மாற்றினேன். இடைவெளியும் பழையபடி 5 நிமிடம்.

கடைசியில் நிஜமாகவே அறிவிப்பு வந்தது, நான் முழுத் திரையையும் பகிர்ந்து அலுவலகக் கூட்டத்தில் பேசிக்கொண்டிருந்தபோது. ‘வந்துடுச்சு, ஓடு!’ என்று நான் எழுதி வைத்திருந்த வாசகம், கடையின் பெயரோடு, எட்டுப் பேர் கண்ணிலும் பட்டது. பேச்சை முடித்துவிட்டு நான் போனபோது மறுபடியும் ‘இருப்பில் இல்லை’. மறுநாள் சக ஊழியர் ஒருவர், அந்த அறிவிப்பைப் பார்த்ததும் தானும் ஒன்று வாங்கிவிட்டதாகச் சொல்லி நன்றி தெரிவித்தார்.