நேட்டிவிட்டி (பூர்வீகச்) சான்றிதழ் வராததால் எம்பிபிஎஸ் விண்ணப்பம் நிராகரிப்பு: ரிட் மனுவில் என்ன கேட்பது?

தென்காசி மாவட்டம், கேரள எல்லையோரம். அக்கா மகள் 8, 9, 10-ம் வகுப்பு கேரளாவில் புனலூரில் படித்தவள். 6 முதல் 12 வரை முழுக்கத் தமிழ்நாட்டுப் படிப்பு இல்லாததால் நேட்டிவிட்டி சான்றிதழ் கட்டாயம். இ-சேவையில் விண்ணப்பித்து 26 நாள் ஆச்சு. விஏஓ பரிந்துரை முடிந்தது, ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) கட்டத்தில் 'நிலுவை'ன்னே காட்டுது. அப்பாவோட டிசி, தாத்தா பெயர்ப் பட்டா, ரேஷன் கார்டு எல்லாம் ஏற்றியாச்சு. கலெக்டர் மனுநாளிலும் கொடுத்தாச்சு. எம்பிபிஎஸ் சேர்க்கை நடத்தும் தேர்வுக்குழுவிடம் ஒப்புகைச் சீட்டைக் காட்டி அவகாசம் கேட்டோம், ஏற்கல. திங்கட்கிழமை கலந்தாய்வின் முதல் சுற்று முடியுது.

மாணவர் மேல் தவறில்லாமல், தாமதிக்காமல் கோர்ட்டுக்கு வந்தால் நிவாரணம் உண்டுன்னு 2019 டிசம்பரில் உச்சநீதிமன்றம் சொன்ன தீர்ப்பு கையில் இருக்கு. ஆனா சீட் நிரம்பிட்டா அப்புறம் மல்லுக்கட்டணும்.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அரசியலமைப்புப் பிரிவு 226-ன் கீழ் சான்றிதழ் தரச் சொல்லி மட்டும் ரிட் போட்டால் போதுமா, இல்லை தேர்வுக்குழுவையும் எதிர்மனுதாரராச் சேர்த்து ஒரு சீட்டைக் காலியா வைக்க இடைக்கால உத்தரவும் கேட்கணுமா?