மூன்றாவது பந்தை எப்போது விடுவது?

யாழினி: மாமா, மூன்று பந்தை மாறி மாறி மேலே எறிந்து பிடிக்கிற ஜக்ளிங் பழகுகிறேன். இரண்டு பந்து வரைக்கும் வருகிறது. மூன்றாவது கையிலேயே நின்றுவிடுகிறது. வீடியோ அனுப்பியிருக்கிறேன், பாருங்கள்.

செந்தில் மாமா: பார்த்தேன் கண்ணு. வலது கை மேலே போடுகிறது. இடது கை போடாமல், தன் பந்தை அப்படியே வலது கைக்குத் தள்ளிவிடுகிறது. அங்கேதான் சிக்கல்.

செந்தில் மாமா: ஒரே பந்தோடு ஆரம்பி. இடுப்பு உயரத்தில் விட்டால் கண் மட்டம் வரை ஏறி அடுத்த கையில் விழ வேண்டும். இரண்டு கையிலும் ஒரே உயரம் வரட்டும்.

யாழினி: சரி, அப்புறம்?

செந்தில் மாமா: முதல் பந்து உச்சிக்குப் போனதும் இரண்டாவதை விடு, இறங்கி வருகிற பந்துக்கு உள்பக்கமாக. அது உச்சிக்குப் போனதும் மூன்றாவது. பிடிக்கவே பார்க்காதே, மூன்றும் தரையில் விழட்டும். எறிவது சரியாக இருந்தால் பந்து கைக்குத் தானாக வரும். இதற்குத்தான் கேஸ்கேட் என்று பெயர்.

சுதா: தம்பி, இவள் போட்டுக்கொண்டே முன்னால் நடந்து டிவியில் மோதப் பார்க்கிறாள்!

செந்தில் மாமா: பந்து முன்னால் போகிறது அக்கா. சுவரைப் பார்த்து நிற்கச் சொல்லுங்கள். ரப்பர் பந்தும் வேண்டாம், துள்ளி ஓடிவிடும். பழைய காலுறையில் கேழ்வரகு போட்டு இறுக்கிக் கட்டிக் கொடுங்கள், விழுந்த இடத்திலேயே கிடக்கும்.

பாட்டி: நாங்கள் எலுமிச்சம்பழத்தில் ஆடினது வேறு மாதிரி. வலது கைதான் போடும். இடது கை பிடித்துப் பிடித்து வலது கைக்குக் கொடுக்கும்.

செந்தில் மாமா: அதற்கு ஷவர் என்று பெயர் அம்மா! பந்து வட்டமாகச் சுற்றும். பசிபிக் கடலில் இருக்கிற டோங்கா தீவுகளில் பெண் பிள்ளைகள் காலங்காலமாக இப்படித்தான் ஆடுகிறார்கள், ஹிக்கோ என்பார்கள். கேஸ்கேடைவிட இது கடினம், ஒரே கை எல்லாவற்றையும் உயரமாகப் போட வேண்டுமே.

பாட்டி: நம் ஊரிலும் பந்தை மேலே போட்டுப் பிடிக்கிற அம்மானை ஆட்டம் இருக்கிறதே. பிள்ளைத்தமிழில் பெண் குழந்தைக்கு அம்மானைப் பருவம் என்றே ஒன்று உண்டுடா.

யாழினி: நான்கு பந்து என்றால் எப்படி மாமா?

செந்தில் மாமா: அது ஃபவுண்டன். கைக்கு இரண்டு, குறுக்கே போகாது. ஏனென்று எண்ணிப் பார். வலது, இடது என்று மாறி மாறி எறிகிறோம். இப்போது வலது கை விட்ட பந்தை மூன்றாவது எறிதலில் மறுபடி விட வேண்டுமென்றால், அது இடது கையின் முறை. நான்காவது என்றால் வலது கையே. ஒரு பந்தை எத்தனையாவது எறிதலில் மறுபடி விடுகிறோம் என்கிற இந்த எண்களை வைத்து வித்தைகளை எழுதுவதுதான் சைட்ஸ்வாப். 1980களில் அமெரிக்காவில் சாண்டா குரூஸ், கால்டெக், இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் என்று தனித்தனி இடங்களில் கண்டுபிடித்தார்கள்.

செந்தில் மாமா: 441 என்று ஒரு வித்தை இருக்கிறது. 4, 4, 1 என்று மூன்று எறிதல்கள் திரும்பத் திரும்ப வரும். 4+4+1=9, மூன்றால் வகுத்தால் 3. அதனால் அதற்கு மூன்று பந்து. சராசரி எப்போதும் பந்துகளின் எண்ணிக்கைதான்!

யாழினி: அருமை மாமா! முதலில் கேஸ்கேட் வரட்டும். சனிக்கிழமை மறுபடி வீடியோ போடுகிறேன்.

செந்தில் மாமா: பக்கவாட்டிலிருந்து எடு. பந்து முன்னால் போகிறதா என்று அப்போதுதான் தெரியும்.