விளக்கம் கேட்காமல் கல்லூரியிலிருந்து நீக்கம்: ரிட் மனு நிற்குமா?

கேள்வி:
வணக்கம். அரசு உதவி பெறும் கல்லூரியொன்றில் இரண்டாம் ஆண்டு படித்த என் தம்பியை, விடுதித் தகராறு ஒன்றைக் காரணம் காட்டி, விளக்கக் கடிதம்கூடக் கேட்காமல் மாற்றுச் சான்றிதழ் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். ஊர் மதுரைக்கு அருகில். நீதிமன்றத்தை அணுக வழி உண்டா?

மறுமொழி 1:
உண்டு. அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு (அதிகார அமைப்பின் தவறான ஆணையை ரத்து செய்யக் கோரி உயர் நீதிமன்றத்தில் நேரடியாகத் தரும் மனு) தாக்கல் செய்யலாம். தேர்வில் முறைகேடு செய்ததாகக் கூறி மாணவர்களின் தேர்ச்சியை ரத்து செய்த உத்தரப் பிரதேசத் தேர்வு வாரியம், அதற்கு முன் அவர்களுடைய தரப்பைக் கேட்டிருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1962இலேயே தீர்ப்பளித்திருக்கிறது. கல்லூரியை விட்டே நீக்குவது அதைவிடக் கடுமையான தண்டனையாயிற்றே!

மறுமொழி 2:
மேலே சொன்னது சரிதான். ஆனால் முழு வெற்றியை எதிர்பார்க்க வேண்டாம். விசாரணை நடக்கவில்லை என்பதற்காக ஆணையை ரத்து செய்யும் நீதிமன்றம், பெரும்பாலும் முறைப்படி மீண்டும் விசாரிக்குமாறு கல்லூரிக்கே திருப்பி அனுப்பும். 1968ஆம் ஆண்டில் தீர்ப்பான கேரளப் பல்கலைக்கழக வழக்கில், விசாரணை அறிக்கையின் நகலைத் தராததை மட்டும் வைத்து மாணவர் வெல்ல முடியவில்லை.

கேள்வி கேட்டவர்:
நன்றி ஐயா. சான்றிதழைக் கையெழுத்திட்டு வாங்கிவிட்டோமே?

மறுமொழி 2:
அப்படியானால் மாணவர் தாமாக விலகினார் என்று கல்லூரி வாதிடக்கூடும். ஆட்சேபத்தை இன்றே எழுதி, ஒப்புகை பெறும் வகையில் விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) முதல்வருக்கு அனுப்புங்கள்.