ஓட்டு எண்ணும் மேஜையிலிருந்து சபாநாயகர் நாற்காலி வரை: 2024 மக்களவைத் தேர்தல் பற்றி மூவரின் அனுபவப் பகிர்வு

கவுண்டிங் ஏஜென்ட்:
வேட்பாளர் சார்பில் மேஜையில் உட்காருபவர் முதலில் கையில் வைத்துக்கொள்ள வேண்டியது 17சி படிவத்தின் நகல். அந்த பூத்தில் பதிவான ஓட்டுக் கணக்கு அது, ஓட்டுப்பதிவு முடிந்ததும் பூத் தலைமை அலுவலர் கையெழுத்துப் போட்டுத் தருவது. அது இல்லாமல் போனால் வெறும் வேடிக்கைதான்.

காலை 8 மணிக்குத் தபால் ஓட்டு, 8.30-க்கு மெஷின். சட்டமன்றத் தொகுதிக்கு வழக்கமாக 14 மேஜை, அதாவது ஒரு சுற்றுக்கு 14 பூத். 280 பூத் இருந்தால் 20 சுற்று. கன்ட்ரோல் யூனிட் (ஓட்டுகள் பதிவாகியிருக்கும் மெஷின் பெட்டி) மேஜைக்கு வந்ததும் அதன் சீரியல் நம்பர், பேப்பர் சீல் நம்பர், டிஸ்ப்ளேயில் காட்டும் மொத்த ஓட்டு மூன்றையும் 17சி-யோடு ஒத்துப் பாருங்கள். ரிசல்ட் பட்டனை அழுத்துவது அதற்குப் பிறகு. அவசரப்படுத்துவார்கள், விடாதீர்கள்.

மொத்தத்தில் 50, 52 என்று கூடுதலாகத் தெரிந்தால் உடனே சதி என்று கத்த வேண்டாம். காலையில் மாதிரி ஓட்டுப்பதிவுக்குக் குறைந்தது 50 ஓட்டு போடுவார்கள். அதை க்ளியர் பண்ண மறந்திருப்பார்கள். க்ளோஸ் பட்டனை அழுத்தாமல் சீல் வைத்த மெஷினும் வரும், அதில் ரிசல்ட் திறக்காது. எண்ணிக்கை ஒத்துவராத மெஷினை ஓரமாக வைத்துவிட்டு மற்றதை எண்ணி முடிப்பார்கள். 2024-இல் இருந்த நடைமுறைப்படி, வெற்றி வித்தியாசம் அந்த மெஷின்களில் உள்ள மொத்த ஓட்டைவிட அதிகமென்றால் அதைத் தொடவே மாட்டார்கள். குறைவென்றால் விவிபேட் சீட்டை (ஓட்டுப் போடும்போது அச்சாகி விழும் சீட்டு) எண்ணுவார்கள்.

தபால் உறை:
தபால் ஓட்டையும் சேருங்கள் அண்ணே. செல்லாமல் போவது பெரும்பாலும் உறையில்தான். ஓட்டுச்சீட்டு 13பி சின்ன உறைக்குள் போக வேண்டும். 13ஏ உறுதிமொழி அதற்கு வெளியே, 13சி பெரிய உறைக்குள் இருக்க வேண்டும். உறுதிமொழியையும் சின்ன உறைக்குள் திணித்து ஒட்டிவிட்டால் அந்த உறையைப் பிரிக்காமலே தள்ளிவிடுவார்கள். சான்றொப்பம் இல்லாததும் அப்படியே. அரசு ஊழியரே இதில் தவறுவதுதான் வேடிக்கை.

தள்ளுபடியான தபால் ஓட்டைவிட வெற்றி வித்தியாசம் குறைவென்றால், தள்ளியதை எல்லாம் தேர்தல் நடத்தும் அலுவலர் மறுபடி பார்த்தாக வேண்டும். மும்பை வடமேற்கில் வித்தியாசம் வெறும் 48. விருதுநகரில் 4,379.

கவுண்டிங் ஏஜென்ட்:
ஆமாம். கடைசிச் சுற்று முடிந்ததும் கிளம்பிவிடாதீர்கள். ஒவ்வொரு சட்டமன்றத் தொகுதியிலும் குலுக்கலில் 5 பூத் எடுத்து விவிபேட் சீட்டை எண்ணுவார்கள். நம் ஊரில் ஒரு மக்களவைத் தொகுதிக்கு 6 சட்டமன்றத் தொகுதி, ஆக 30 பூத். சீட்டுக்கும் மெஷினுக்கும் வேறுபாடு வந்தால் சீட்டுக் கணக்கே செல்லும். நிறைய பேர் அதற்குள் பட்டாசு வெடிக்கப் போயிருப்பார்கள்.

கணக்குப்பிள்ளை:
டெல்லிக் கணக்குக்கு வருவோம். 543-க்குப் பாதி தாண்ட 272. பா.ஜ.க. 240, அதாவது 32 குறைவு. தேசிய ஜனநாயகக் கூட்டணி மொத்தம் 293. சந்திரபாபு நாயுடுவின் தெலுங்கு தேசம் 16, நிதிஷ் குமாரின் ஐக்கிய ஜனதா தளம் 12.

"நாயுடு நினைத்தால் கவிழ்த்துவிடுவார்" என்று அன்று டீக்கடை முழுக்கப் பேச்சு. கழித்துப் பாருங்கள். தெலுங்கு தேசம் மட்டும் போனால் 277. நிதிஷ் மட்டும் போனால் 281. இரண்டும் ஆட்சி நிற்கும் கணக்கு. இருவரும் சேர்ந்து போனால்தான் 265. ஒருவர் மிரட்டும்போது மற்றவர் அருகில் இருந்தால் போதும் என்பதுதான் இந்தக் கூட்டணியின் பலம். அதற்கான விலை அமைச்சரவையைவிட பட்ஜெட்டில்தான் தெரிந்தது: 2024 ஜூலை 23 அன்று அமராவதிக்கு ரூ.15,000 கோடி ஏற்பாடு, பீகார் சாலைகளுக்கு ரூ.26,000 கோடி. பீகார் கேட்ட சிறப்பு அந்தஸ்து மட்டும் கிடைக்கவில்லை.

அமைச்சர் பதவிக்கு விகிதாசாரம் எதுவும் கிடையாது. 16 எம்.பி. வைத்த தெலுங்கு தேசத்துக்கு ஒரு கேபினட், ஒரு இணை அமைச்சர். தன் ஒரே சீட்டோடு வந்த ஜீதன் ராம் மாஞ்சிக்கும் கேபினட். 7 எம்.பி. வைத்த ஷிண்டே சிவசேனாவுக்குத் தனிப் பொறுப்பு இணை அமைச்சர். அதே பதவியை அஜித் பவார் கட்சி வேண்டாம் என்றது. அந்தக் கட்சியின் பிரபுல் படேல் ஏற்கெனவே கேபினட்டில் இருந்தவர், கீழே இறங்க மனமில்லை.

ஒரு வரம்பு உண்டு. 2003-இன் 91-வது திருத்தப்படி அமைச்சரவை மக்களவையின் 15 சதவீதத்தைத் தாண்டக் கூடாது, அதாவது 81 பேர். ஜூன் 9-இல் பிரதமரோடு சேர்த்துப் பதவியேற்றது 72. மீதி 9 இடத்தைக் கையில் வைத்திருப்பது பேரத்துக்கு உதவும்.

தபால் உறை:
தெலுங்கு தேசம் சபாநாயகர் பதவியைக் கேட்கும் என்றார்களே, அது ஏன் அவ்வளவு முக்கியம்?

கணக்குப்பிள்ளை:
எப்படி ஓட்டுப் போட வேண்டும் என்று எம்.பி.க்களுக்குக் கட்சி போடும் கொறடா உத்தரவு அவரவர் கட்சிக்குள்தான் செல்லும். பா.ஜ.க. கொறடா தெலுங்கு தேசத்தைக் கட்டுப்படுத்தாது. உத்தரவை மீறியவரைத் தகுதிநீக்கம் செய்யச் சொல்லும் மனு வந்தால் முடிவெடுப்பவர் சபாநாயகர். கட்சி உடையும் நேரத்தில் அந்த மனுவை எப்போது எடுப்பது என்பதும் அவர் கையில். வெளியே போக நினைக்கும் கட்சிக்கும், அதை உடைக்க நினைக்கும் கட்சிக்கும் அந்த நாற்காலி வேண்டும்.

1998-இல் தெலுங்கு தேசம் 12 எம்.பி.யோடு அதை வாங்கியது. சபாநாயகர் ஜி.எம்.சி. பாலயோகி. அடுத்த ஆண்டு ஏப்ரலில் ஜெயலலிதா 18 எம்.பி.யோடு விலகி, 17-ஆம் தேதி நம்பிக்கை ஓட்டெடுப்பு நடந்தது. ஒடிசா முதல்வராகிவிட்ட கிரிதர் கமாங் எம்.பி. பதவியை விடாமல் வந்து உட்கார்ந்திருந்தார். அவர் ஓட்டுப் போடலாமா என்ற கேள்விக்கு, அவர் மனசாட்சிக்கே விடுகிறேன் என்றார் பாலயோகி. ஆதரவு 269, எதிர்ப்பு 270. வாஜ்பாய் அரசு போனது.

2024-இல் அந்த நாற்காலியை பா.ஜ.க. விட்டுத்தரவில்லை. ஜூன் 26-இல் ஓம் பிர்லா குரல் ஓட்டில் தேர்வானார். எதிர்க்கட்சிகள் கே.சுரேஷை நிறுத்தின, ஆனால் டிவிஷன் (ஓட்டுகளை எண்ணிப் பார்ப்பது) கேட்டு வற்புறுத்தவில்லை.