அட்டை எனிக்மா: 2, 4, 26, 7, 15 வரவேண்டிய இடத்தில் 21, 2, 4, 26, 7 வருகிறது. பிசகு எங்கே?

வண்டன்மேடு டீச்சர்:

கணித மன்றப் பிள்ளைகளுக்காக, ஜெர்மானியர் இரண்டாம் உலகப் போரில் செய்தியை மறைத்து அனுப்பப் பயன்படுத்திய எனிக்மா இயந்திரத்தை பிவிசி குழாயிலும் காகிதத்திலும் செய்திருக்கிறோம். தரைப்படை மாடல். இடமிருந்து வலமாக 1, 2, 3 சக்கரங்கள், ‘பி’ ரிஃப்ளெக்டர் (சக்கரங்களைத் தாண்டி வந்த கரண்டைத் திருப்பி அனுப்பும் தகடு), சக்கரங்களைச் சுற்றியுள்ள எண் வளையங்கள் மூன்றும் 01, பிளக்போர்டு (எழுத்துகளை ஜோடி ஜோடியாக இடம் மாற்றும் பலகை) இன்னும் போடவில்லை. எழுத்துக்குப் பதில் எண் வைத்திருக்கிறோம் (ஏ என்றால் 1, இசட் என்றால் 26). தரைப்படைச் சக்கரங்களிலும் 01 முதல் 26 வரை எண்தானே இருந்தது.

சிக்கல் இரண்டு. 01-01-01இல் வைத்து ஐந்து தடவை 1ஐ அழுத்தினால் 2, 4, 26, 7, 15 வரவேண்டும். எங்களுக்கு 21, 2, 4, 26, 7 வருகிறது. வயரிங் பட்டியலை மூன்று முறை சரிபார்த்தாகிவிட்டது.

அடுத்தது, இந்த ஓரிடத் தள்ளலைக் கணக்கில் எடுத்துக்கொண்டு பார்த்தால் 100 எழுத்து வரை கணினியில் வருவதோடு ஒத்துப்போகிறது. 101ஆவதிலிருந்து எல்லாம் வேறு.

கூடவே ஒரு கேள்வி. பத்து ஜோடி பிளக் போட்டாலே 150 லட்சம் கோடி வழி வருகிறது. அதைத் தாண்டி எப்படி உடைத்தார்கள் என்பதை இந்த மாடலை வைத்தே கையால் செய்துகாட்ட முடியுமா?


குமுளி ராசு:

டீச்சர், வயரிங் சரியாகத்தான் இருக்கிறது, அதைத் தொடாதீர்கள். உங்கள் வரிசையை வரவேண்டிய வரிசைக்குக் கீழே எழுதிப் பாருங்கள். முதலில் ஒரு 21 புகுந்து மற்றதெல்லாம் ஓரிடம் தள்ளிப் போயிருக்கிறது, அவ்வளவுதான். பிள்ளைகள் விடையைப் படித்துவிட்டுச் சக்கரத்தைத் திருப்புகிறார்கள். இயந்திரத்தில் விசையை அழுத்தும்போது முதலில் வலதுச் சக்கரம் ஒரு பல் நகரும், அதற்குப் பிறகுதான் கரண்ட் பாய்ந்து விளக்கு எரியும். 01-01-01இல் வைத்தால் முதல் எழுத்து 01-01-02இல்தான் மாறுகிறது. அந்த 21 என்பது நகராத 01-01-01இன் விடை.

முதல் அழுத்தத்தை முழுசாகப் போட்டுக் காட்டுகிறேன், பலகையில் எழுதிப் போடலாம். வலதுச் சக்கரம் 02இல் நிற்பதால் நகர்வு 1.

1 உள்ளே வருகிறது. நகர்வைக் கூட்டினால் 2. 3ஆம் சக்கரத்தில் 2 போய் 4இல் வெளிவரும். நகர்வைக் கழித்தால் 3. 2ஆம் சக்கரத்தில் 3க்கு 4. 1ஆம் சக்கரத்தில் 4க்கு 6. ரிஃப்ளெக்டரில் 6க்கு ஜோடி 19. திரும்பும் வழியில் பட்டியலைத் தலைகீழாகப் படிக்க வேண்டும்: 1ஆம் சக்கரத்தில் 19ஐத் தருவது 19, 2ஆம் சக்கரத்தில் 19ஐத் தருவது 5. வலதுச் சக்கரத்துக்கு வந்ததும் மறுபடி நகர்வைக் கூட்டி 6. அங்கே 6ஐத் தருவது 3. கழித்தால் 2. விளக்கு 2.

பிள்ளைகள் வழக்கமாக விடுவது அந்தக் கழித்தலை. சக்கரத்துக்குள் போகும்போது கூட்டினால் வெளியே வரும்போது கழித்தாக வேண்டும், போகும் வழியிலும் வரும் வழியிலும். கழித்து 0 வந்தால் 26. மூன்றாவது எழுத்தே அப்படித்தான் வரும், 3இல் 3 போய் 0, அதாவது 26. குழாய் மாடலில் கண்ணால் கோட்டைப் பிடித்துக்கொண்டு போனால் இந்தக் கூட்டல் கழித்தல் தானாக நடந்துவிடும். தாளில் கணக்காகப் போடும்போதுதான் வம்பு.


கம்பம்மெட்டு பாண்டி:

101இல் உடைகிறது என்று சொன்னதே பாதி விடை. நடுச் சக்கரம் இரட்டை அடி வைப்பதை விட்டிருக்கிறீர்கள்.

கணக்கு இது. 3ஆம் சக்கரம் வலதில் இருந்தால், அதன் எண் தெரியும் ஜன்னலில் 22 போய் 23 வரும்போது நடுச் சக்கரத்தைத் தள்ளும். 01இலிருந்து கிளம்பினால் 22ஆவது அழுத்தத்தில் நடு 02, 48இல் 03, 74இல் 04, 100இல் 05. 2ஆம் சக்கரத்தின் காடி (அடுத்த சக்கரத்தைத் தள்ளவைக்கும், வளையத்தில் வெட்டிய பள்ளம்) 05இல். அடுத்த அழுத்தத்திலேயே, 101இல், நடு 06க்கும் இடது 02க்கும் சேர்ந்து போய்விடும். உங்கள் பிள்ளைகள் நடுவை 05இலேயே இன்னும் 25 அழுத்தம் நிறுத்தி வைத்திருப்பார்கள், வண்டியின் கிலோமீட்டர் மீட்டர் போல.

ஏன் அப்படி என்றால், சக்கரங்களைத் தள்ளுவது மூன்று நெம்புகள். வலது நெம்பு ஒவ்வொரு அழுத்தத்துக்கும் வலதுச் சக்கரத்தின் பல்லைத் தள்ளும். மற்ற இரண்டும் இரண்டு சக்கரங்களின் இடைவெளியில் நிற்கின்றன: ஒரு பக்கம் வலதுபுறச் சக்கரத்தின் வளையத்தில் உரசும், மறுபக்கம் இடதுபுறச் சக்கரத்தின் பல்லுக்கு நேரே நிற்கும். வளையத்தின் வழவழப்பு நெம்பைப் பல்லில் விழாமல் தாங்கிக்கொள்ளும். காடி வந்தால் நெம்பு உள்ளே விழுந்து பல்லைப் பிடிக்கும். அப்போது இடதுச் சக்கரத்தைத் தள்ளும் அதே தள்ளில் காடியின் சுவரையும் சேர்த்துத் தள்ளுவதால் நடுவும் நகர்கிறது. வேண்டும் என்று வைத்த ஏற்பாடு இல்லை, அமைப்பே அப்படி. இதனால் மொத்தச் சுற்று 26×26×26 ஆகிய 17,576 இல்லை. நடுச் சக்கரம் ஓரிடத்தில் தங்காமல் தாண்டுவதால் 26×25×26, அதாவது 16,900.

சோதிக்க 100 எழுத்து அடிக்க வேண்டாம். 01-04-21இல் வையுங்கள். அடுத்தடுத்து 01-04-22, 01-05-23, 02-06-24, 02-06-25 வரவேண்டும். மூன்றாவது அடியில் 01-05-24 வந்தால் இரட்டை அடி இல்லை என்று அர்த்தம்.


போடிமெட்டு செல்வம்:

குழாய் எந்த அளவு என்று டீச்சர் எழுதவில்லை. தோட்டத்தில் கிடக்கும் 75 மி.மீ. பைப் துண்டு என்றால் சுற்றளவு 235.6 மி.மீ., ஒரு கட்டத்துக்கு 9.06 மி.மீ. 63 மி.மீ. பைப் என்றால் 7.61. பிரிண்ட் எடுக்கும்போது ‘தாளுக்குப் பொருத்து’ என்று இருப்பதை எடுத்துவிட்டு 100 சதவீதத்தில் எடுங்கள். கட்டத்துக்கு 0.1 மி.மீ. பிசகினாலும் ஒரு சுற்றில் 2.6 மி.மீ. ஆகிவிடும், ஒட்டும் இடத்தில் கால் கட்டத்துக்கு மேல் இடைவெளி விழும், அங்கேதான் பிள்ளைகள் ஒரு கோடு தள்ளிப் படிப்பார்கள்.

தண்ணிப் பசை வேண்டாம். நம் பக்கத்து இடவப்பாதி மழையில் காகிதம் ஏற்கெனவே நமுத்துப்போயிருக்கும், பசையும் பட்டால் இன்னும் நீளும். இரட்டைப் பக்க டேப் போதும். ஒட்டு விழும் இடம் 26க்கும் 1க்கும் நடுவில் இருக்கட்டும். சக்கரத் தாள் குழாய் மேல் சுழலவேண்டும், ரிஃப்ளெக்டரும், எண் உள்ளே நுழையும் வலது ஓரத்து உள்வாய்த் தாளும் அசையவே கூடாது. அந்த இரண்டும் லேசாக நகர்ந்தால் எல்லா விடையும் தப்பாகும், ஆனால் மறைத்ததைத் திரும்ப அடித்தால் மூலச் செய்தி சரியாகவே வரும். அதனால் சொந்த மாடலில் மறைத்துத் திறந்து பார்ப்பதைச் சோதனையாக எடுக்காதீர்கள்.


பீர்மேடு அந்தோணி:

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். கையால் முடியும், முழுசாக இல்லை, சாரத்தைக் காட்டலாம்.

முதலில் ஓட்டை. ரிஃப்ளெக்டர் இருப்பதால் கரண்ட் போன வழியிலேயே திரும்ப முடியாது, ஆகவே எந்த எழுத்தும் தானாகவே மாறி வராது. 1ஐ எத்தனை தடவை அடித்தாலும் 1 வராது. எதிரி எழுதியிருக்கக்கூடிய சொல் ஒன்று தெரிந்தால் போதும், அதை மறைகுறிக்குக் (மறைத்த செய்திக்கு) கீழே வைத்து நகர்த்தலாம்; ஒரே எழுத்து நேருக்கு நேர் வந்தால் அந்த இடம் தப்பு. இதற்குப் பெயர் கிரிப். புத்தடியிலோ போடியிலோ ஏலம் முடிந்ததும் வரும் ஏலக்காய் விலைச் செய்தியைப் பாருங்கள், விலை மாறும், முதல் வரி மாறாது. ஜெர்மானியரின் வானிலைச் செய்தியும் ‘குறிப்பிடத்தக்க நிகழ்வு ஏதுமில்லை’ என்ற தினசரி அறிக்கையும் அதே ரகம்.

வானிலைக்கு ஜெர்மன் சொல் வெட்டர், எண்ணில் 23 5 20 20 5 18. மறைகுறி (நான் உண்டாக்கியது) 17 23 5 20 11 18 9 2 20 14. முதல் இடத்தில் வைத்தால் நாலாவது எண் 20க்கு நேரே 20, மோதுகிறது, கழிந்தது. இரண்டாம் இடத்தில் 23க்கு நேரே 23, கழிந்தது. மூன்று, நான்கு, ஐந்தில் மோதவில்லை. ஆறெழுத்துக் கிரிப் ரொம்பச் சின்னது. 16 எழுத்து இருந்தாலே தற்செயலாக ஓரிடம் தப்பிப்பது பாதிக்குச் சற்று மேல்தான், 53 சதவீதம்.

நான்காம் இடத்தை எடுங்கள். ஜோடிகள்: 23-20, 5-11, 20-18, 20-9, 5-2, 18-20. மறைகுறியின் 6ஆவது இடத்தில் 20க்கு 18, 9ஆவது இடத்தில் 18க்கு 20. கிளம்பிய எழுத்துக்கே திரும்பி வந்துவிட்டது. இந்தச் சுழல்தான் பிளக்போர்டைச் சாய்த்தது.

20 எதோடு பிளக்கில் சேர்ந்திருக்கிறது என்று தெரியாது. 1 என்று வைத்துக்கொள்வோம். செய்தி 01-01-01இல் தொடங்கியது என்றும் வைத்துக்கொள்வோம். உங்கள் பிளக் இல்லாத மாடலில் 6ஆவது அழுத்தம் 01-01-07. அங்கே 1 அடித்தால் 23. அப்படியானால் 18இன் ஜோடி 23. இப்போது 9ஆவது அழுத்தம், 01-01-10. அங்கே 23 அடித்தால் 5 வருகிறது. அதாவது 20இன் ஜோடி 5. ஆனால் 1 என்றல்லவா ஆரம்பித்தோம்! ஒரு எழுத்துக்கு இரண்டு ஜோடி இருக்க முடியாது, ஆக 1 தப்பு. இப்படி 26 எண்ணையும் போட்டு ஒன்றுகூடத் தப்பவில்லை என்றால் 01-01-01 என்ற தொடக்கமே தப்பு. பிளக்கின் 150 லட்சம் கோடியில் ஒன்றைக்கூட எண்ணவில்லை, பாருங்கள்.

பிரிட்டிஷ் கணிதவியலர் டூரிங் வடிவமைத்து 1940 மார்ச்சில் பிரிட்டனின் மறைகுறி உடைக்கும் மையமான பிளெட்ச்லி பார்க்கில் முதலில் நிறுவிய பாம்ப் இயந்திரம் (பாம்பும் இல்லை, பாம்பேயும் இல்லை) இதைத்தான் கரண்டில் செய்தது. 108 உருளை, மூன்று மூன்றாக 36 எனிக்மா. ஒரு கம்பியில் கரண்ட் விட்டால் முரண்பாடு சுழலில் பரவிக்கொண்டே போகும்: 1, அதிலிருந்து 5, 5ஐப் போட்டால் இன்னொன்று. 26 கம்பியும் உயிர்பெற்றால் அந்த நிலை தப்பு, உருளைகள் அடுத்ததற்குப் போகும். எல்லாம் நிரம்பாவிட்டால் இயந்திரம் நின்றுவிடும். அதிலும் பொய் நிறுத்தம் வரும். ஒவ்வொரு சுழலும் அதை 26இல் ஒரு பங்காக்கும் என்பதால், ஒற்றைச் சுழலுள்ள நம் வெட்டர் பாம்புக்குப் போதவே போதாது. அங்கேயே வேலை பார்த்த வெல்ச்மன் கொண்டுவந்த குறுக்குப் பலகை 1940 ஆகஸ்டில் சேர்ந்தது: 1க்கு 3 ஜோடி என்றால் 3க்கும் 1 ஜோடி என்பதைக் கம்பியாகவே இழுத்தார்கள். அதற்குப் பின் சுழல் குறைந்த கிரிப்பும் ஓடியது.

கிரிப்பை நீட்டிக்கொண்டே போகலாமே என்று பிள்ளைகள் கேட்பார்கள். கூடாது. 13 எழுத்துக்குள் நடுச் சக்கரம் திரும்பிவிட 26இல் 12 வாய்ப்பு. திரும்பிவிட்டால் அதற்குப் பிந்தைய ஜோடிகள் வேறு நிலையைச் சேர்ந்தவை, சரியான தொடக்கத்தையே இயந்திரம் தாண்டிப் போய்விடும்.


குமுளி ராசு:

அந்தோணி அண்ணே, போலந்துக்காரர்களை விட்டுவிட்டீர்களே. ரெஜெவ்ஸ்கி 1932 டிசம்பரிலேயே சக்கர வயரிங்கைக் கணக்குப் போட்டு எடுத்துவிட்டார். விசைப்பலகையிலிருந்து முதல் சக்கரத்துக்கு எந்த வரிசையில் கம்பி போகிறது என்பதில் மாட்டிக்கொண்டு, கடைசியில் சும்மா அகர வரிசையாகவே இருக்குமோ என்று போட்டுப் பார்த்தார், சரியாக இருந்தது. 1939 ஜூலையில் வார்சா அருகே பிரியில் பிரிட்டிஷாருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் எல்லாவற்றையும் காட்டினார்கள். அவர்களுடைய முறை கிரிப்பை நம்பவில்லை. செய்திச் சாவியின் (அந்தச் செய்திக்குச் சக்கரங்கள் தொடங்கும் நிலையின்) மூன்று எழுத்தையும் இரண்டு தடவை அடிக்கும் ஜெர்மன் வழக்கத்தை நம்பியது. 1940 மே 1இல் அந்த வழக்கம் நின்றதும் அது படுத்துவிட்டது.


நெடுங்கண்டம் ஜோஸ்:

எனிக்மாவை உடைத்தது கொலோசஸ் கணினி இல்லையா? தில்லியிலும் எனிக்மா உடைத்தார்கள் என்று எங்கோ படித்த ஞாபகம்.


பீர்மேடு அந்தோணி:

ரெண்டும் இல்லை. கொலோசஸ் லோரன்ஸ் என்ற டெலிபிரிண்டர் இயந்திரத்துக்காக, 12 சக்கரம், முற்றிலும் வேறு தத்துவம். தில்லி ஆனந்த் பர்பத்தில் இருந்த வயர்லெஸ் மையமும் கொழும்பு ஆண்டர்சன் நிலையமும் கேட்டது முக்கியமாக ஜப்பானியச் செய்திகளை. அவற்றில் பெரும்பகுதி குறிநூல் (சொல்லுக்குப் பதில் குறியைத் தரும் புத்தகம்), சக்கர இயந்திரம் இல்லை.


வண்டன்மேடு டீச்சர்:

திருப்பிவிட்டுப் படிக்கச் சொன்னேன், 2, 4, 26, 7, 15 வந்துவிட்டது. 01-04-21 சோதனையில் 01-05-24தான் வந்தது, ஆக பாண்டி அண்ணன் சொன்னதேதான். வளையத்தை 02-02-02 ஆக்கினால் காடி எண்ணும் மாறுமா?


கம்பம்மெட்டு பாண்டி:

மாறாது டீச்சர். காடி வளையத்தோடு ஒட்டியது, எண்ணும் வளையத்தில்தான், ஆகவே ஜன்னலில் எப்போதும் 22 தாண்டும்போதுதான் தள்ளும். மாறுவது உள்ளே இருக்கும் வயரிங் மட்டும். நகர்வு என்பதை ஜன்னல் எண்ணில் வளைய எண்ணைக் கழித்து எடுங்கள். 02-02-02 வளையம், 01-01-01 தொடக்கம், ஐந்து தடவை 1: வரவேண்டியது 5, 23, 20, 25, 24. முதல் அழுத்தத்தில் வலது நகர்வு 0, நடுவும் இடதும் கழித்தல் 1. வளையத்தைக் கழிக்காமல் கூட்டியிருந்தால் முதல் எண்ணிலேயே பிசகு தெரிந்துவிடும்.