எச்டிஎம்எல் வெறும் பைலா வருது, லைப்ரரி இல்லேன்னு சொல்லுது (அவசரம்)

கொழுந்துத்தம்பி, பண்டாரவளை
அண்ணன்மாரே, தேயிலைக் கொழுந்து நிறையை எக்ஸ்எம்எல் பைல்ல இருந்து எச்டிஎம்எல் ஷீட்டா எடுக்கிற ஸ்கிரிப்ட் போன கிழமை வரைக்கும் நல்லா ஓடுச்சு. அப்டேட் போட்ட பிறகு எச்டிஎம்எல் பைல் வருது, உள்ள ஒன்னுமே இல்ல. ஷேர்ட் லைப்ரரி (பல புரொகிராம் பொதுவாப் பாவிக்கிற கோட் பைல்) லோட் பண்ண முடியலன்னு எரர். ஆனா அந்த லைப்ரரி பைல் கொம்பியூட்டர்ல இருக்கு. மாசக் கடைசி, காலையில போர்டுல ஒட்டணும். சாக்கு, தண்ணிக்கு எவ்வளவு கழிச்சாங்கன்னு ஆளுங்க இப்பவே கேக்குறாங்க.

மஸ்கெலியா_மாறன்
என்ன ஓஎஸ்? எந்த லைப்ரரி? எதை வச்சு எச்டிஎம்எல் ஆக்குற? எரர் வரியை அப்படியே போடு தம்பி. நாங்க என்ன சாத்திரமா பாக்குறது?

பதுளை_டைப்செட்டர்
பேரெல்லாம் பாமினியில, அந்தப் பழைய தமிழ் ஃபொன்ட்ல, அடிச்சதா? அப்படின்னா நான் இப்பவே சொல்றேன், கோளாறு அங்கதான். பாமினியில "ஈ" வர்ற இடத்துல உண்மையில இருக்கிறது கணக்குல "சிறிது"க்குப் போடுற குறி (<). ஈஸ்வரின்னு ஒருத்தர் லிஸ்ட்ல இருந்தாப் போதும், எக்ஸ்எம்எல் அதை டேக்னு நினைச்சு நின்னுரும்.

பழைய_பென்குயின்
இதே கேள்விக்கு இங்கே எத்தனையோ தடவை பதில் எழுதியாயிற்று. தேடிப் பார்த்தால் கை தேய்ந்து விடாது. ஒரு புரோகிராம் எந்தெந்த லைப்ரரியைத் தேடுகிறது என்று காட்டும் எல்டிடி கட்டளையை அந்த புரோகிராமுக்குக் கொடுங்கள். "நொட் ஃபவுண்ட்" என்று எந்த வரியில் வருகிறதோ அதுதான் காரணம். நீங்கள் கண்டது ஒரு பைல், அது கேட்பது வேறொரு பைல். அடிப்படை விஷயம்.

நானுஓயா_நிஷா
டேட்டா காணாதுன்னு ஒரு பெக்கேஜை மட்டும் இறக்கியிருப்பீங்க. பாதி அப்டேட்னா இப்படித்தான் வரும். ஆர்ச் வகை லினக்ஸ்னா பேக்மேன் -எஸ்ஒய்யு அடிச்சு எல்லாத்தையும் முழுசா அப்டேட் போடுங்க.

கொழுந்துத்தம்பி
ஓஎஸ் மஞ்சாரோ லினக்ஸ். அப்டேட் முழுசாத்தான் போட்டேன். பேர் எல்லாம் யுனிகோட். எச்டிஎம்எல் ஆக்க எக்ஸ்எஸ்எல்டிபுரொக்தான் பாவிக்கிறேன், எக்ஸ்எஸ்எல்டியில எழுதின ஸ்டைல்ஷீட்டை வச்சு எக்ஸ்எம்எல்லை மாத்துற புரொகிராம். எரர்ல லிப்எக்ஸ்எம்எல்2.எஸ்ஓ.2 ன்னு இருக்கு. போல்டர்ல இருக்கிறது லிப்எக்ஸ்எம்எல்2.எஸ்ஓ.16. ரெண்டுன்னு பேர் வச்சு அந்தப் பைலையே காட்டுற ஒரு சிம்லிங்க் (குறுக்கு வழிப் பேர்) போட்டுறவா?

மஸ்கெலியா_மாறன்
போட்டுறாத! எஸ்ஓவுக்குப் பின்னால வர்ற நம்பர் சும்மா அழகுக்கு இல்ல. 2025ல வந்த 2.14ல லைப்ரரியோட உள் அமைப்பு மாறினதாலதான் 2 போய் 16 ஆச்சு. பேரை மாத்தி ஏமாத்தினா புரொகிராம் ஓடுற மாதிரி ஓடி நடுவுல விழும். விழாம நிறையைத் தப்பாக் காட்டினா அதைவிட மோசம், ஊர்ல நீ தலை காட்ட முடியாது.

இன்னொன்னு. மஞ்சாரோ தர்ற எக்ஸ்எஸ்எல்டிபுரொக் 16ஐத்தான் கேக்கும். அப்ப 2ஐக் கேக்குறது யாரு? "டைப் -ஏ எக்ஸ்எஸ்எல்டிபுரொக்" அடிச்சுப் பாரு, அந்தப் பேர்ல எத்தனை எங்கெங்க இருக்குன்னு காட்டும். ஸ்கிரிப்டோட முதல் சில வரியையும் போடு.

ஹட்டன்_பைத்தான்
இந்தக் காலத்துல யாரு எக்ஸ்எஸ்எல்டி எழுதுறா? குரோம்ல இருந்தே தூக்கப் போறாங்க. பைத்தானும், டெம்ப்ளேட்ல டேட்டாவை நிரப்புற ஜின்ஜாவும் இருந்தா பத்து வரியில வேலை முடிஞ்சிரும்.

பழைய_பென்குயின்
உலாவியில் இருந்து எடுப்பதற்கும் இவருடைய மேசையில் ஓடும் கருவிக்கும் என்ன சம்பந்தம்? எக்ஸ்எஸ்எல்டி 1.0 வெளியானது 1999இல். அன்று எழுதிய ஸ்டைல்ஷீட் இன்றும் ஓடுகிறது. உங்கள் பைத்தான் 2 ஸ்கிரிப்ட்கள் ஓடுகின்றனவா?

ஹட்டன்_பைத்தான்
ஐயா, ஓடாததாலதானே அந்தத் தம்பி இங்க வந்து நிக்கிறாரு.

பழைய_பென்குயின்
நின்றது ஸ்டைல்ஷீட் அல்ல, லைப்ரரி. வாசித்துவிட்டு எழுதுங்கள்.

நானுஓயா_நிஷா
ரெண்டு பேரும் வேற இழை தொறந்து சண்டை போடுங்களேன்.

கொழுந்துத்தம்பி
டைப் -ஏ அடிச்சா ரெண்டு வருது. முதல்ல யூஎஸ்ஆர்/லோக்கல்/பின், அடுத்தது யூஎஸ்ஆர்/பின். ஸ்கிரிப்ட்ல ரெண்டாவது வரி, லைப்ரரியை முதல்ல எங்க தேடணும்னு சொல்ற எல்டி_லைப்ரரி_பாத், யூஎஸ்ஆர்/லோக்கல்/லிப்னு இருக்கு. பெரியப்பா மகன் அமைச்சுத் தந்தது, அவர் இப்ப கட்டார்ல.

மஸ்கெலியா_மாறன்
அதேதான். அவர் அப்ப சோர்ஸ்ல இருந்து கட்டினது பழைய லிப்எக்ஸ்எம்எல்2ஐ நம்பி நிக்குது. அப்டேட் அந்தப் பழசைத் தூக்கிருச்சு, லோக்கல்ல இருக்கிறதை அது தொடாது. ஸ்கிரிப்ட்ல அந்த வரியை எடு. லோக்கல்ல இருக்கிற எக்ஸ்எஸ்எல்டிபுரொக், லிப்எக்ஸ்எஸ்எல்டி.எஸ்ஓ.1, லிப்ஈஎக்ஸ்எஸ்எல்டி.எஸ்ஓ.0 மூணையும் அழிக்காம வேற போல்டருக்கு மாத்து. டெர்மினலை மூடித் திற, பழைய பாதை மறந்துரும்.

வெறும் பைல் வந்ததுக்கு லைப்ரரி நேரடிக் காரணம் இல்ல. அம்புக்குறி (>) போட்டு அவுட்புட்டைப் பைலுக்குத் திருப்பினா, புரொகிராம் தொடங்க முன்னமே ஷெல் (கட்டளையை ஓட்டுற புரொகிராம்) அந்தப் பைலைக் காலியாக்கிரும். முதல்ல தற்காலிகப் பைலுக்கு எழுதி, சரியா முடிஞ்சா மட்டும் உண்மைப் பேருக்கு மாத்துற மாதிரி வை. இல்லாட்டி எரர் வர்ற நாளெல்லாம் நேத்தைய ஷீட்டும் சேர்ந்து போகும்.

கொழுந்துத்தம்பி
வேலை செய்யுது. பிரிண்ட் எடுத்தாச்சு. நன்றி அண்ணே.

பதுளை_டைப்செட்டர்
ஈஸ்வரி பேர் சரியா வந்துச்சா?