லியோனித் புரோனவோயை நீங்கள் எங்கே சந்தித்தீர்கள்? – அனுபவப் பகிர்வு

பழைய மாஸ்கோ மாணவன்

ரஷ்யப் படம் என்றாலே நாம் இயக்குநர்களைப் பற்றித்தான் பேசுகிறோம். இந்த முறை ஒரு குணச்சித்திர நடிகரைப் பற்றிப் பேசலாம் என்று ஆசை. லியோனித் புரோனவோய். நேரில் பார்த்தவர்கள்தான் எழுத வேண்டும் என்றில்லை. திரையில் பார்த்தது, மேடையில் பார்த்தது, யாரோ சொல்லிக் கேட்டது, எதுவானாலும் சரி.

நானே தொடங்குகிறேன். 1984 இலையுதிர் காலத்தில் மாஸ்கோவில் போய் இறங்கினேன். முதல் வருடம் முழுக்க மொழி வகுப்பு மட்டும்தான். விடுதியில் எல்லோருக்கும் சேர்த்து ஒரே ஒரு தொலைக்காட்சிப் பெட்டி. செய்தி வாசிப்பவர் பேசினால் ஒரு வார்த்தையும் பிடிபடாது. அந்தக் குளிர்காலத்தில் ஒரு மாலை, வாசலில் சாவி வாங்கி வைக்கும் பாட்டி தன் நாற்காலியை விட்டுவிட்டு வந்து எங்களோடு உட்கார்ந்துகொண்டார். 'வசந்தத்தின் பதினேழு கணங்கள்' தொடரை மறுபடி போடுகிறார்கள், பேசாமல் பாருங்கள் என்றார்.

பன்னிரண்டு பகுதிகள், கறுப்பு வெள்ளை. இயக்கியவர் தத்யானா லியோஸ்னவா. 1973 ஆகஸ்டில் முதன்முதலாக ஒளிபரப்பானது. நாஜிப் படையில் பெரிய அதிகாரியாக மறைந்து வாழும் சோவியத் உளவாளி ஷ்டிர்லிட்ஸின் கதை. நாயகன் வியாச்சிஸ்லாவ் தீகனவ், பார்க்க அவ்வளவு அழகு. ஆனால் என் கண் அவரிடம் நிற்கவில்லை. நாஜிகளின் ரகசியப் போலீஸான கெஸ்டாபோவின் தலைவர் முல்லராக வந்த புரோனவோயிடம் போய் ஒட்டிக்கொண்டது.

கெஸ்டாபோ தலைவன் என்றால் கத்துவான், மேசையைத் தட்டுவான் என்று நினைத்திருந்தேன். இவரோ மாலை ஆறு மணிக்கு மேல் கோப்புகளோடு தனியாக உட்கார்ந்திருக்கும் தாலுகா ஆபீஸ் குமாஸ்தா மாதிரி இருந்தார். வழுக்கைத் தலை, கனத்த உடம்பு, களைத்த கண்கள். குரலை உயர்த்துவதே இல்லை. ஒரு வாக்கியம் சொல்வார், நிறுத்துவார், எதிரில் இருப்பவர் முகத்தைப் பார்ப்பார். அந்த நிறுத்தங்களில்தான் எனக்கு ரஷ்ய மொழி புரியத் தொடங்கியது. ஊரிலிருந்து வந்து நான் முழுதாகப் புரிந்துகொண்ட முதல் ரஷ்யர் அவர்தான் என்று சொல்வேன்.

எல்லா அதிகாரிகளையும் அனுப்பிவிட்டு, கதவை நோக்கி நடப்பவரைப் பார்த்து, "ஷ்டிர்லிட்ஸ், நீங்கள் மட்டும் இருக்கும்படி கேட்டுக்கொள்வேன்" என்பார். ரஷ்யாவில் அந்த வசனத்தைச் சொல்லாத ஆள் கிடையாது. எங்கள் மொழி ஆசிரியை, வீட்டுப்பாடம் எழுதாதவன் பெயரைப் போட்டு அப்படியே சொல்வார். வகுப்பே சிரிக்கும், மாட்டிக்கொண்டவனைத் தவிர. அப்புறம் பாடமும் நடத்துவார். 'கேட்டுக்கொள்கிறேன்' என்று சொல்லாமல் 'கேட்டுக்கொள்வேன்' என்று எதிர்காலத்தில் சொல்வதில் இருக்கும் மரியாதையைப் பாருங்கள், அந்த மரியாதைக்குள் மறுக்கவே முடியாத கட்டளை இருப்பதையும் பாருங்கள் என்பார். இலக்கணப் புத்தகத்தில் அது எனக்கு ஏறவில்லை. புரோனவோய் சொன்னபோது ஏறியது.

வரோனிஷ் டாக்டர்

நல்ல இழை. நான் 2003 முதல் 2009 வரை வரோனிஷில் மருத்துவம் படித்தேன். கடைசி இரண்டு வருடம் ஒரு வயதான அம்மாவின் வீட்டில் வாடகைக்கு அறை. ஒரு நாள் தொலைக்காட்சியில் முல்லர் வந்ததும், "இவர் எங்கள் ஊர் ஆள், தெரியுமா?" என்றார். எனக்கு நம்பிக்கை வரவில்லை. பள்ளியில் படிக்கும்போது இங்கே நாடக அரங்கில் பார்த்ததாகச் சொன்னார். என்ன நாடகம், என்ன வேடம், எதுவும் நினைவில்லை. குரல் மட்டும் நினைவிருக்கிறதாம்.

விசாரித்துப் பார்த்தேன். உண்மைதான். மாஸ்கோ வருவதற்கு முன் அவர் கடைசியாக இருந்த ஊர் வரோனிஷ். அதற்கு முன்னால் மக்னிதகோர்ஸ்க், ஒரென்பூர்க், குரோஸ்னி, இர்கூத்ஸ்க். வரைபடத்தில் விரல் வைத்துப் பாருங்கள், ஒரு ஊருக்கும் இன்னொன்றுக்கும் இடையில் ரயிலில் நாள்கணக்கில் போக வேண்டும்.

ஏன் இந்த அலைச்சல்? 1928 டிசம்பரில் கீவில் பிறந்தவர். அப்பா அங்கே ரகசியப் போலீஸில் உயர் அதிகாரி, விசாரணைகளில் கடுமையானவர் என்று பெயர் எடுத்தவர். 1936-ல் அவரையே கைது செய்துவிட்டார்கள். அம்மாவையும் பையனையும் கீரவ் பகுதியில் இருக்கும் மால்மிஷ் என்ற சிற்றூருக்கு அனுப்பினார்கள். கீவில் வயலின் கற்றுக்கொண்டிருந்த பையன். அந்தப் படிப்பு அத்தோடு போயிற்று. போர்க்காலம் கசகஸ்தானில் சிம்கெந்த் நகரில் கழிந்தது. 'மக்கள் விரோதி' என்று அரசு முத்திரை குத்தியவரின் மகனுக்குத் தலைநகரக் கல்லூரிக் கதவு திறக்காது. அதனால் தாஷ்கந்தில் நடிப்பு படித்து 1950-ல் முடித்தார். ஸ்டாலின் இறந்த பிறகு மாஸ்கோ கலை அரங்கின் பள்ளியில் நேராக மூன்றாம் ஆண்டில் சேர்த்துக்கொண்டார்கள். படித்து முடித்தும் மாஸ்கோவில் வேலை கிடைக்கவில்லை, மறுபடியும் வெளியூர். மாலயா புரோன்னயா அரங்கில் நிரந்தர இடம் கிடைத்தது 1962-ல்தான். அதற்குள் முதல் மனைவி நோயில் இறந்து, சிறு மகளோடு நின்றிருந்தார்.

முல்லர் வந்தபோது அவருக்கு வயது 44. இதைத் தெரிந்துகொண்ட பிறகு என்னால் அந்தத் தொடரைப் பழைய மாதிரி பார்க்க முடியவில்லை. விசாரணை அதிகாரியின் மகன். அதே துறையால் வீட்டைப் பறிகொடுத்த பிள்ளை. அவர் ஒரு விசாரணை அதிகாரியாக உட்கார்ந்து, எதிரில் இருப்பவரிடம் அன்பாக "நண்பா" என்கிறார். நடிப்பில் அதெல்லாம் வேலை செய்ததா இல்லையா, நான் எப்படிச் சொல்வது? என் மனதில் இரண்டும் சேர்ந்துவிட்டன, அவ்வளவுதான்.

கஸானில் குடித்தனம்

உங்களுக்கெல்லாம் அவர் முல்லர். எங்கள் வீட்டில் அவர் வெலூரவ்! என் கணவர் ரஷ்யர். மாமியார் வீட்டில் 'பொக்ரோவ்ஸ்கி வாயில்' படத்தை வருடத்துக்கு ஒரு முறையாவது போட்டுவிடுவார்கள். 1982-ல் மிகயீல் கசகோவ் தொலைக்காட்சிக்காக எடுத்தது. ஐம்பதுகளின் மாஸ்கோ, பல குடும்பங்கள் ஒரே சமையலறையைப் பங்குபோடும் கூட்டுக் குடியிருப்பு. அதில் மேடைகளில் நையாண்டிப் பாட்டு பாடும் வெலூரவாக வருகிறார். தன்னைப் பெரிய கலைஞனாக நினைத்துக்கொண்டு, நீச்சல் வீராங்கனை ஒருத்தியின் பின்னால் சுற்றுகிற ஆசாமி. அந்தக் கனத்த உடம்பை வைத்துக்கொண்டு நீச்சல் குளம் வரை போய்விடுவார். என் பிள்ளைகள் அந்தக் காட்சிக்காகவே காத்திருப்பார்கள்.

முல்லரை நான் அதற்கப்புறம்தான் பார்த்தேன். அதே மூச்சு, அதே நிதானம். ஒன்றில் சிரிப்பு வருகிறது, இன்னொன்றில் வயிறு கலங்குகிறது. மார்க் சகாரவ் எடுத்த முன்ச்ஹவுசன் படத்தையும் (1979) விடாதீர்கள். அதில் நாட்டை ஆளும் கோமகன் அவர். ஆட்சியைவிட உடை தைப்பதில்தான் அவருக்கு அக்கறை. வரும் நேரம் கொஞ்சம்தான். மாமியாருக்கு அவர் வசனம் மொத்தமும் மனப்பாடம்.

மாஸ்கோவாசி

நான் அவரை மேடையில் பார்த்தேன். 2011 என்று நினைவு. மாஸ்கோவின் லென்கோம் அரங்கில் செகாவின் 'செர்ரித் தோட்டம்' நாடகம், சகாரவ் இயக்கம். 1988-லிருந்து அவர் அந்த அரங்கில்தான் இருந்தார். எங்களுக்குக் கிடைத்தது மாடியில் ஓர இருக்கை, தூண் பாதி மறைக்கும்.

அவர் ஃபீர்ஸ். அந்த வீட்டின் கிழட்டு வேலைக்காரர், நாடகப்படி வயது 87. எண்பதைத் தாண்டிய புரோனவோய்க்கு ஒப்பனை பெரிதாகத் தேவைப்பட்டிருக்காது. அவர் வெளிப்பட்டதும் வாய் திறக்கும் முன்பே கைதட்டல். அவர் அதைக் கவனித்ததாகவே காட்டவில்லை. ஃபீர்ஸுக்குக் காது கேட்காது அல்லவா? கைதட்டல் அடங்கும்வரை காது கேட்காதவராகவே நின்றார். அன்று நான் பார்த்த நடிப்பில் எனக்கு மிகவும் பிடித்தது அந்த அரை நிமிடம்.

கடைசியில் எல்லோரும் புறப்பட்டுப் போய்விடுகிறார்கள். வீட்டைப் பூட்டிவிடுகிறார்கள். கிழவரை உள்ளே மறந்துவிடுகிறார்கள். எனக்கு அப்போது ஊரில் அப்பா தனியாக இருந்தார். அரங்கை விட்டு வெளியே வந்ததும், மாலயா திமீத்ரவ்கா தெருவில் பனியில் நின்றுகொண்டே, அங்கே நள்ளிரவு தாண்டிவிட்டது என்பதைக்கூட யோசிக்காமல் அவருக்குப் போன் செய்தேன். "என்னம்மா, எதுவும் பிரச்சினையா?" என்று பதறினார். ஒன்றுமில்லை, சும்மாதான் என்றேன்.

அடுத்த வருடம் கீவுக்கு நாடகத்தோடு போன இடத்தில் புரோனவோய்க்கு மாரடைப்பு வந்த செய்தி பார்த்தேன். பிறந்த ஊரிலேயே. தேறி வந்துவிட்டார். மறைந்தது 2017 டிசம்பர் 9-ல், 89 நிறைய ஒரு வாரம் இருக்கும்போது. நவதேவிச்சி கல்லறையில் அடக்கம் செய்தார்கள்.

மயக்க மருந்து நிபுணர்

நான் ரஷ்யா பக்கம் போனதில்லை. எனக்குத் தெரிந்தது அவருடைய ஒரே ஒரு படம். 'எளிய விஷயங்கள்', 2007, அலெக்ஸேய் பபக்ரேப்ஸ்கி இயக்கியது. கதாநாயகன் பீட்டர்ஸ்பர்க் மருத்துவமனையில் மயக்க மருந்து கொடுப்பவன் என்று கேள்விப்பட்டுப் பார்க்க உட்கார்ந்தேன். சம்பளம் போதாமல் வீட்டுக்கே போய் ஒரு முதிய நடிகருக்கு வலிக்கு ஊசி போடுகிறான். அந்த நோயாளிதான் புரோனவோய். மீள முடியாத நோய். ஒரு கட்டத்தில், சுவரில் இருக்கும் விலை மதிப்புள்ள ஓவியத்தை எடுத்துக்கொண்டு என்னை முடித்துவிடு என்று கேட்கிறார்.

இருபது வருடத்துக்கு மேலாகப் படுக்கை ஓரம் நிற்கிறேன். வலியில் இருப்பவர்களைச் சினிமாவில் காட்டும்போது பெரும்பாலும் முனகுவார்கள், முகத்தைச் சுளிப்பார்கள். நீண்ட நாள் வலியோடு இருப்பவர் அப்படிச் செய்வதில்லை. அசைவைக் குறைத்துக்கொள்வார். பேசும்போது நடுவில் ஒரு கணம் கவனம் உள்ளே போய்த் திரும்பும். டாக்டரை எரிச்சல்படுத்திப் பார்ப்பார், ஏனென்றால் அவரிடம் மிச்சமிருக்கும் அதிகாரம் அது ஒன்றுதான். புரோனவோய் இதை அத்தனை சரியாகச் செய்திருந்தார். எனக்கு ஒரு பழைய நோயாளி நினைவுக்கு வந்து, பாதியில் நிறுத்திவிட்டு, மறுநாள்தான் மீதியைப் பார்த்தேன்.

அந்தப் படத்துக்கு அவருக்கு ரஷ்யாவின் திரைப்பட விருதான நிகா கிடைத்தது. சிறந்த துணைக் கதாபாத்திரத்துக்கு என்றுதான்.

பழைய மாஸ்கோ மாணவன்

எல்லோருக்கும் நன்றி. கஸான் சகோதரி சொன்ன வெலூரவை நான் மறந்தே போயிருந்தேன். டாக்டர் சொன்ன படம் பார்த்ததில்லை, தேடிப் பிடிக்கிறேன்.

முல்லர் பற்றி இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். தொடரில் அவர் அடிக்கடி கழுத்தை ஒரு பக்கமாக வெட்டி இழுப்பார். அது அவராக யோசித்து வைத்ததில்லை. சீருடைக் காலர் சிறியது, கழுத்தை அறுத்திருக்கிறது. இவர் தன்னையறியாமல் தலையை அசைத்திருக்கிறார். லியோஸ்னவா அதைக் கவனித்து, இதை விடாதீர்கள், முல்லரின் நரம்புப் பழக்கமாக வைத்துக்கொள்வோம் என்றாராம். புரோனவோயே சொன்ன கதை. இன்னொன்றும் உண்டு. முதலில் அவருக்கு ஹிட்லர் வேடம் கட்டித்தான் சோதனை எடுத்தார்கள். நல்ல காலம், அது அவருக்குப் போகவில்லை.

வரோனிஷ் டாக்டர்

காலர் விஷயம் எனக்குத் தெரியாது! நேற்று இரவு மறுபடி போட்டுப் பார்த்தேன். நிலவறையில் ஷ்டிர்லிட்ஸ் தீக்குச்சிகளை அடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பகுதியிலிருந்து. கழுத்து இழுப்பை எண்ணிக்கொண்டே வந்தேன், ஏழோ எட்டோ வரை. அப்புறம் பேச்சில் மூழ்கி எண்ணிக்கை விட்டுப்போயிற்று. வரோனிஷ் அம்மா இப்போது இல்லை. அவர் மகளுக்கு எழுதிக் கேட்டிருக்கிறேன், அம்மா வைத்திருந்த பழைய நாடகச் சீட்டுகள் எதுவும் வீட்டில் இருக்கிறதா என்று. பதில் வந்தால் இங்கே போடுகிறேன்.